கேட்டோம்

எங்கள் டேபிள் டென்னிஸ் கிளப்பில் சுவர் என்று ஒருத்தர் இருந்தார். அம்மா அப்பா வைத்த பெயர் வேறு, ஆனால் தரவரிசைப் பலகையில்கூட அவருடைய மரச்சட்டத்தில் 'சுவர்' என்றுதான் எழுதியிருக்கும். பந்தை எப்படி அடித்தாலும் திரும்பி வரும். அவராக ஒரு அடி ஓங்கி அடித்து யாரும் பார்த்ததில்லை. நாம் தூக்கிப் போட்டு, வெட்டிப் போட்டு, சுழற்றிப் போட்டு, கடைசியில் நம் கையே நம்மை ஏமாற்றி வலையில் போடும். அவர் வேர்வையைத் துடைத்துக்கொண்டு, "நல்லா ஆடுன" என்பார். எரிச்சலாக வரும்.

வேலை லிஃப்ட் மெக்கானிக். இடுப்பில் நாற்பது சாவி தொங்கும் ஒரு வளையம். அவர் படியேறி வருகிறார் என்பது மாடியில் இருக்கிற எங்களுக்கு முதல் படியிலேயே தெரிந்துவிடும்.

எனக்குப் படபட என்று பெயர் வைத்தவர் அவர்தான். நான் பேசுவது, ஆடுவது, அடிப்பது எல்லாம் ஒரே வேகம். என் வேலையும் அதுதான். ஆஸ்பத்திரி டாக்டர்கள் பேசிப் பதிவு செய்து அனுப்புவதை ஹெட்போனில் கேட்டு, கம்ப்யூட்டரில் அடிக்க வேண்டும். காதில் விழுந்தது விரல் வழியாக வெளியே போய்விடும், நடுவில் மூளைப் பக்கம் எட்டிப் பார்க்காது. 'இந்தப் பொண்ணு பேசப் பேச அடிக்குது' என்று கண்டுபிடித்த அன்றே கிளப்பில் என்னைச் செயலாளர் ஆக்கிவிட்டார்கள். சேர்ந்து ஐந்து மாதம்கூட ஆகவில்லை. நோட்டு, முத்திரை, லெட்டர் பாக்ஸ் சாவி எல்லாம் என் தலையில். எனக்கோ தலைகால் புரியாத சந்தோஷம்.

ஹால் இரண்டாவது மாடியில். நாலு மேஜை, மேலே குழல் விளக்குகள், ஒரு பக்கச் சுவரில் கூரையை ஒட்டி ஒரு பழைய காற்றுத் துவாரம். அதன் கம்பித் தட்டியில் ஒரு பட்டை உடைந்துபோய் இருக்கும். நான் சேர்ந்த முதல் வாரம் வெறிபிடித்த மாதிரி ஒரு ஸ்மாஷ் அடித்தேன். ஆரஞ்சுப் பந்து மேஜையைத் தொடாமலே மேலே போய், அந்த உடைந்த பட்டை வழியாக உள்ளே விழுந்துவிட்டது. குறி வைத்து அடித்தால்கூட அப்படிப் போகாது. நான் ஸ்டூலைத் தேடி ஓடினேன். மேஜைக்கு அந்தப் பக்கம் சுவர் விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்தார்.

"விடும்மா. அது தானா வரும்."

அது வரவில்லை. நானும் மறந்துவிட்டேன்.

எங்களுக்குக் கீழே முதல் மாடி முழுக்க ஒரு சலவைக்கடை. அவர்கள் புதிதாக ஒரு பெரிய உலர்த்தும் மெஷின் வாங்கியதிலிருந்து ஹாலில் சோப்பு வாசனை. தங்கும் விடுதிகளின் படுக்கை விரிப்புகளைக் காலையிலேயே உலர்த்தி அனுப்பிவிடுவார்களாம். நாங்கள் ஆடுவது சாயங்காலம் மட்டும் என்பதால் வாசனை தவிர அவர்களால் எங்களுக்கு ஒரு தொந்தரவும் இல்லை.

அந்தச் சமயத்தில்தான் புகார் வந்தது.

புகார் கொடுத்தவர் மூக்குக்கண்ணாடிக் கடைக்காரர், எங்கள் கமிட்டியில் ஒருத்தர். தினமும் காலை நடைக்கு எங்கள் கட்டிட வழியாகத்தான் போவார். பூட்டின ஹாலுக்குள் காலை ஆறேகாலுக்குப் பந்து சத்தம் கேட்கிறது, யாரோ கள்ளச்சாவி போட்டு உள்ளே ஆடுகிறார்கள் என்றார். ஒரு நாள் படியேறிப் போய்ப் பார்த்தாராம். கதவு பூட்டியிருக்கிறது, கதவுக்கு முன்னால் சுவர் நிற்கிறார், இடுப்பில் சாவிக்கொத்து.

"என்னைப் பாத்ததும் உதட்டு மேல விரலை வச்சு 'ஷ்'ங்கிறாரு! திருட்டுத்தனம் பண்றது இவரு, வாயை மூட வேண்டியது நானா?"

கமிட்டி என்றால் நாங்கள் நாலு பேர். தலைவர் பல் டாக்டர். யாரையும் வாயைத் திறக்கச் சொல்லிவிட்டுப் பேசவிடாமல் செய்வது அவருக்குத் தொழிலிலேயே பழக்கம். அப்புறம் டிரைவிங் ஸ்கூல் அக்கா, கண்ணாடிக்காரர், நான்.

டாக்டர் சனிக்கிழமை மத்தியானம் எனக்கு போன் செய்தார். "இன்னைக்கு சாயங்காலம் அஞ்சு மணிக்கு முடிச்சிரலாம்மா. அவரை வரச் சொல்லி மெசேஜ் போட்டிரு. அப்படியே நீக்கல் லெட்டரையும் அடிச்சுக் கொண்டு வந்திரு. சும்மா சும்மா கூடிக்கிட்டிருக்க எனக்கு நேரமில்ல."

"எதுக்குன்னு மெசேஜ்ல போடணுமா டாக்டர்?"

"வந்தா தெரியப்போவுது."

'இன்று மாலை 5 மணிக்கு ஹாலுக்கு வரவும்.' அவ்வளவுதான் போட்டேன். லெட்டரை ஆபீஸிலேயே அடித்து, பிரிண்ட் எடுத்து, முத்திரையும் குத்தி, நோட்டுக்கு அடியில் வைத்துக்கொண்டேன். ஏழு நிமிஷ வேலை. எனக்கே பெருமையாக இருந்தது.

சுவர் ஐந்துக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போதே வந்தார். அரைக்கால் சட்டை, கையில் மட்டை, தோளில் துண்டு. மேட்ச் என்று நினைத்துவிட்டார். "யாரு கூடம்மா?" என்று என்னைத்தான் கேட்டார். நான் நாற்காலியைக் காட்டினேன். மட்டையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார்.

"ஒரே ஒரு கேள்வி. ஹால் சாவி உங்ககிட்ட இருக்கா, இல்லையா?" என்றார் டாக்டர்.

"எங்கிட்ட நாற்பது சாவி இருக்கு டாக்டர். எல்லாம் லிஃப்ட் ரூம் சாவி."

"ஆமாவா, இல்லையா?"

"ஹால் சாவி இல்ல. அந்தச் சத்தம் வந்து…"

"இவரு உங்களைக் கண்ணால பாத்திருக்காரு."

"நானும் சத்தத்தைக் கேட்டுத்தான் வந்தேன். பக்கத்து பில்டிங் லிஃப்ட் நின்னுபோயி, அதைப் பாக்க வந்த இடத்துல காதுல விழுந்துச்சு. உள்ள ஆளே இல்ல டாக்டர். நீங்களும் ஒரு நாள் கேளுங்க."

"அதான் உங்களையே கேட்டாச்சே. இன்னும் யாரைக் கேக்கணும்?"

சுவர் எங்கள் நாலு பேரையும் ஒவ்வொருத்தராகப் பார்த்தார். "கேளுங்கன்னுதானே சொல்றேன்," என்றார், இந்த முறை மெதுவாக.

"கேட்டாச்சு சார். ஓட்டுக்கு விடலாம்."

நாலு கை உயர்ந்தது. அதில் ஒன்று என்னுடையது. பேனாவோடு உயர்ந்தது. கண்ணாடிக்காரர் தன் புகாருக்குத் தானே கை தூக்கினார், அது எங்களில் யாருக்கும் உறுத்தவில்லை.

நான் உடனே நோட்டுக்கு அடியிலிருந்து லெட்டரை எடுத்து நீட்டினேன். அவர் வாங்கி, கையை நீட்டித் தள்ளிப் பிடித்துக்கொண்டு படித்தார். தேதி, தன் பெயர், 'விசாரணைக்குப் பின்' என்ற வார்த்தை, முத்திரை. அப்புறம் என்னைப் பார்த்தார்.

"முன்னாடியே அடிச்சு வச்சிட்டியா, படபட?"

குரலில் கோபமே இல்லை. நான் நல்லதாக ஒரு சர்வீஸ் போட்டால் எப்படிச் சொல்வாரோ அப்படிச் சொன்னார். நான் என்ன பதில் சொன்னேன் தெரியுமா? "பிரிண்டர் ஆபீஸ்லதான் இருக்கு அண்ணே" என்றேன்.

அவர் தலையாட்டிவிட்டு இறங்கிப் போனார். சாவிச் சத்தம் கடைசிப் படி வரைக்கும் கேட்டது. அன்றைக்கு நோட்டில் நான் எழுதியது இது: 'உறுப்பினரைக் கேட்டோம். விளக்கம் திருப்தியாக இல்லை. நீக்கினோம்.' மூன்று வரி. டாக்டர் நீக்கல் லெட்டரின் நகல் ஒன்றை அறிவிப்புப் பலகையில் ஒட்டினார். 'கள்ளச்சாவி' என்ற வார்த்தைக்குக் கீழே அவரே ஒரு கோடும் போட்டார். ஹாலுக்குப் புதுப் பூட்டு வந்தது. அதன் ஒரே சாவியை என்னிடம் கொடுத்தார்கள். கண்ணாடிக்காரர் நிம்மதியாகக் காலை நடையைப் பூங்காப் பக்கம் மாற்றிக்கொண்டார்.

பன்னிரண்டாவது நாள் சுவர் செத்துப்போனார்.

தூக்கத்தில். கிளப் குரூப்பில் டாக்டர்தான் முதலில் போட்டார், 'ஆழ்ந்த இரங்கல்' என்று. கீழே வரிசையாகக் கும்பிடும் கைகள். நீக்கின ஆளை குரூப்பிலிருந்தும் நீக்க மறந்திருந்தோம். அவருடைய நம்பரும் அந்த இரங்கலைப் 'பார்த்தது' என்று காட்டியது. அவர் மனைவி பார்த்திருக்க வேண்டும்.

நானும் அக்காவும் துக்கம் கேட்கப் போனோம். ஒரு அறையில் தையல் மெஷின், பாதி தைத்த பள்ளிக்கூடச் சட்டைகள். அவர் மனைவி எங்களை உட்காரச் சொன்னார். அழுது முடித்த முகம். நான் யார் என்று அக்கா சொன்னதும் என்னையே கொஞ்ச நேரம் பார்த்தார்.

"நீதான் படபடவா?"

"ஆமாங்க."

"உன்னைப் பத்தி நிறையச் சொல்லுவாரு. அந்தப் பொண்ணுக்குக் கை முன்னாடி போவுது, கண்ணு பின்னாடி வருதுன்னு." அவர் சட்டைகளை எடுத்து மடிக்க ஆரம்பித்தார். "உங்க பலகையில ஒட்டுனதை யாரோ படம் பிடிச்சு அவங்க கம்பெனிக்கு அனுப்பிட்டாங்கம்மா. மறுநாளே சாவிக்கொத்தைக் கழட்டி வாங்கிக்கிட்டாங்க. விசாரிச்சுட்டுக் கூப்பிடுறோம், அதுவரைக்கும் ஸ்டோர்ல உக்காருன்னாங்க. முப்பது வருசம் இடுப்புல கிடந்தது. வீட்டுக்குள்ள நடந்தா சத்தமே இல்ல. பின்னாடி வந்து நின்னா எனக்கே தூக்கிவாரிப் போடும்."

அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அவரு கள்ளச்சாவி போடுற ஆளில்ல. அது உங்களுக்கும் தெரியும். அந்தக் காகிதத்தை எடுத்துருங்க. அவரு பேருக்கு நேரா அப்படி ஒரு வார்த்தை இருக்கக் கூடாது. வேற ஒண்ணும் வேண்டாம்." கொஞ்சம் நிறுத்தி, "அப்புறம் அவரு ஷூ அங்க இருக்கு. அதையும் குடுத்திரு," என்றார்.

எனக்கு ஏழு மணிக்கு ஷிப்ட். மறுநாள் காலை ஆறேகாலுக்கு ஷூவை எடுக்கக் கட்டிடத்துக்குப் போனேன். வெளிச்சம் வந்துவிட்டது, தெருவில் பால் வண்டி. படியேறினேன். இரண்டாவது மாடித் திருப்பத்தில் சாவியைக் கையில் எடுத்தேன்.

டொக். டொக். டொக் டொக். டொக்.

உள்ளே ஆடிக்கொண்டிருந்தார்கள்.

நான் பூட்டைப் பார்த்தேன். புதுப் பூட்டு. அதன் ஒரே சாவி என் உள்ளங்கையில். கதவிடுக்கில் பார்த்தேன், உள்ளே விளக்கு இல்லை. டொக், டொக், டொக். நல்ல நீளமான ஆட்டம். ஒரு பந்துகூடத் தவறவில்லை. யாரும் ஓங்கி அடிக்கவில்லை. எந்த அவசரமும் இல்லாமல் வந்தது திரும்பிக்கொண்டே இருந்தது. அப்படி ஆட எனக்குத் தெரிந்து ஒரே ஒருத்தரால்தான் முடியும், அவரை அடக்கம் செய்து இரண்டு நாள் ஆகிறது.

எப்படி இறங்கினேன் என்று ஞாபகம் இல்லை. கீழே வாசலில் லெட்டர் பாக்ஸ்மேல் மோதி நின்றேன். முழங்கையில் நல்ல அடி. தேய்த்துக்கொண்டே பார்த்தால், பெட்டியின் கண்ணாடிக்குப் பின்னால் ஒரு கவர். செயலாளர் ஆன பிறகு நான் அந்தப் பெட்டியைத் திறந்ததே இரண்டு தடவைதான்.

கமிட்டிக்கு என்று எழுதி, தபாலில் வந்திருந்தது. முத்திரைத் தேதியை எண்ணிப் பார்த்தேன். நீக்கின ஒன்பதாவது நாள். உள்ளே கோடு போட்ட தாளில் நாலே வரி.

'நான் மேல்முறையீடு செய்கிறேன். விசாரணையைக் காலை ஆறு மணிக்கு ஹாலிலேயே வையுங்கள். நான் பேச வேண்டியது ஒன்றும் இல்லை. நீங்கள் கேட்டால் போதும்.'

அன்றைக்கு ஆபீஸில் ஒரு இதய நோய் டாக்டரின் பதிவு. மனிதர் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் நடுவில் யோசிப்பார். அந்த இடைவெளியில் எல்லாம் டொக், டொக். ஹெட்போனைக் கழற்றினால் இல்லை, மாட்டினால் வருகிறது. பக்கத்து சீட்டுப் பெண், "என்னடி, பேயறைஞ்ச மாதிரி இருக்க?" என்றாள். அவள் சும்மாதான் கேட்டாள். எனக்குக் கண்ணீர் வந்துவிட்டது.

சாயங்காலம் அக்காவின் காரில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கொட்டினேன். எல் போர்டு மாட்டின கார், என் காலடியிலும் ஒரு பிரேக். அதை மிதித்துக்கொண்டேதான் பேசினேன்.

"ஆவின்னு சொல்றியா?" என்றார் அக்கா. "அந்த மனுசன் உயிரோட இருக்கும்போதே ஒரு ஸ்மாஷ் அடிச்சதில்ல. செத்து என்னடி பண்ணிடப் போறாரு?" சிரிக்க முயற்சி செய்தார், வரவில்லை. "டாக்டர்கிட்ட சத்தத்தைப் பத்தி வாயைத் திறக்காத. லெட்டரை மட்டும் காட்டு."

கிளப்பின் விதிப் புத்தகம் பதினாறு பக்கம். செயலாளர் ஆன அன்று எனக்குக் கொடுத்தார்கள், அட்டையைத் தடவிப் பார்த்துவிட்டு உள்ளே வைத்தேன். அன்றைக்குத்தான் படித்தேன். 'உறுப்பினரைக் கேட்ட பின்னரே நீக்க வேண்டும்.' இந்த ஒரு வரியிலேயே ரொம்ப நேரம் நின்றேன். கேட்பது என்று எழுதியவர் எதை நினைத்து எழுதியிருப்பார்? நாங்கள் கேட்டோம்தான். ஆமாவா இல்லையா என்று கேட்டோம். அவரும் கேளுங்க, கேளுங்க என்றுதான் சொன்னார். இரண்டு பக்கமும் ஒரே வார்த்தையைச் சொல்லிவிட்டு எழுந்து போயிருக்கிறோம்.

மறுநாள் டாக்டரின் கிளினிக்கில் போய் நின்றேன். கையுறையைக் கழற்றிக்கொண்டே லெட்டரைப் படித்தார்.

"செத்தவருக்கு எதுக்கும்மா அப்பீல்?"

"இருபத்தொரு நாளுக்குள்ள வந்த அப்பீலை விசாரிச்சே ஆகணும்னு போட்டிருக்கு டாக்டர். ஆளு உயிரோட இருக்கணும்னு எங்கயும் போடல."

"அப்ப அவரை வரச் சொல்லு."

"வரலைன்னா பதினஞ்சு நிமிஷம் காத்திருந்துட்டு நடத்தணும்னும் போட்டிருக்கு."

"காலையில ஆறு மணிக்கா? உயிர் போற பல் வலியோட வர்றவன்கூட ஒன்பதுக்குத்தான் என்னை எழுப்புறான்!"

"அவங்க வீட்டுக்காரம்மாவைப் பாத்தேன் டாக்டர். நீங்க கோடு போட்டீங்களே, அந்த வார்த்தையாலதான் அவரு சாவியைப் புடுங்கிட்டாங்க."

டாக்டர் குழாயைத் திறந்தார். கையைக் கழுவினார். ரொம்ப நேரம் கழுவினார். "ஞாயித்துக்கிழமை வை," என்றார்.

ஞாயிற்றுக்கிழமை காலை ஐந்து ஐம்பதுக்குக் கதவைத் திறந்தேன். ஹாலில் யாரும் இல்லை, எந்தச் சத்தமும் இல்லை. மேஜைகள் அப்படியே, வலைகள் அப்படியே. நாலு நாற்காலி போட்டேன், எதிரே ஒன்று. அந்த ஒன்றின் காலடியில் அவருடைய ஷூவை வைக்கலாமா என்று நினைத்து, பயந்துபோய் மறுபடி அலமாரியிலேயே வைத்தேன்.

கண்ணாடிக்காரர் வந்ததும் எங்கள் வரிசையில் உட்காரப் போனார்.

"அண்ணே, நீங்க அங்க உக்காருங்க. பெஞ்சுல."

"ஏன், இந்த நாற்காலிக்கு என்ன?"

"புகார் குடுத்தவங்க தீர்ப்பு சொல்ற இடத்துல உக்காரக் கூடாது."

"போன தடவை உக்காந்தேனே?"

"போன தடவை செஞ்சது தப்பு."

"நேத்துப் பொறந்தது, எனக்குச் சட்டம் சொல்லிக் குடுக்குது," என்று முணுமுணுத்தார். ஆனால் போய் பெஞ்சில் உட்கார்ந்தார்.

ஆறு மணிக்கு நான் நோட்டைத் திறந்து அந்த நாலு வரியைப் படித்தேன். "மேல்முறையீடு செஞ்சவர் வரல. பதினஞ்சு நிமிஷம் காத்திருக்கோம்."

"அவரு வந்துட்டா என்ன பண்றது?" என்றார் டாக்டர், நக்கலாக.

"வந்தா நான் ஜன்னல் வழியாப் போயிடுவேன், நீங்க பாத்துக்கோங்க," என்றார் அக்கா.

எல்லாரும் ஒரு தடவை சிரித்தோம். அப்புறம் பேச ஒன்றும் இல்லை. நாங்கள் நாலு பேரும் ஒரு அறையில் பேசாமல் உட்கார்ந்திருந்தது அதுதான் முதல் தடவை. ஆறு ஐந்து. ஆறு ஏழு. குழல் விளக்கு ஒன்று ரீங்கரித்தது. டாக்டர் செருப்பின் நுனியால் தரையைத் தட்டினார், அக்கா பார்த்த பார்வையில் நிறுத்தினார். நான் எதிரே இருந்த காலி நாற்காலியைப் பார்க்காமல் இருக்க நோட்டைப் பார்த்தேன். நோட்டில் பழைய பக்கம் திறந்திருந்தது. 'உறுப்பினரைக் கேட்டோம்.'

ஆறு பத்துக்குக் கீழே சலவைக்கடையின் ஷட்டர் ஏறியது. ஏதோ மெஷின் உறுமி எழுந்தது. சோப்பு வாசனை வந்தது.

டொக்.

அக்கா என் மணிக்கட்டைப் பிடித்தார்.

டொக். டொக். டொக் டொக். டொக்.

மேஜை நாலும் காலி. நாங்கள் பார்த்துக்கொண்டே இருக்கிறோம், பந்து இல்லை, மட்டை இல்லை, ஆள் இல்லை. ஆட்டம் மட்டும் நடக்கிறது. கண்ணாடிக்காரர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டினார். அவர் வாய் திறந்தபடியே இருந்தது. டாக்டர் எழுந்தார். "யாருய்யா அது?" என்றார். குரல் பாதியில் உடைந்தது.

சத்தம் நிற்கவில்லை. திருப்பித் தந்துகொண்டே இருந்தது.

அப்போதுதான் எனக்குத் தோன்றியது, ஒருத்தர் கதவில் காதை வைத்து, உதட்டில் விரலை வைத்துக்கொண்டு நின்றது இதற்குத்தான். லிஃப்ட் எங்கே சிக்கியிருக்கிறது என்று சத்தத்தை வைத்தே சொல்கிற மனிதர். நான் எழுந்து கண்ணை மூடிக்கொண்டேன். அவர் எப்படிக் கேட்டிருப்பாரோ அப்படிக் கேட்டேன். இடது பக்கம். மேலே. மேஜையில் இல்லை, சுவரில்.

சுவருக்குள்.

"டாக்டர், அந்தத் துவாரத்தைப் பாருங்க."

ஸ்டூல் போட்டு ஏறினார். அவர் சட்டைப் பையில் எப்போதும் ஒரு சின்ன டார்ச்சும், பல் பார்க்கிற குட்டிக் கண்ணாடியும் இருக்கும். உடைந்த பட்டை வழியாகக் கண்ணாடியை உள்ளே விட்டு, டார்ச்சை அடித்தார். யாருடைய கடைவாயையோ பார்ப்பது போலக் கொஞ்ச நேரம் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"பந்து," என்றார்.

"என்னது?"

"உள்ள பந்து ஒண்ணு. கீழே இருந்து சூடான காத்து வருது. அந்தக் காத்துல எழும்பி எழும்பித் தகரத்துல மோதுது. புது மெஷினோட காத்தை இந்தப் பழைய குழாய்ல விட்டிருக்காங்க போல." அவர் இறங்கவில்லை, முகத்தையும் எங்கள் பக்கம் திருப்பவில்லை. "ஆரஞ்சுக் கலர்."

விடும்மா. அது தானா வரும்.

"அது என் பந்து," என்றேன்.

கண்ணாடிக்காரர்தான் கடைசியில் பேசினார். "என்னைப் பாத்து 'ஷ்'ன்னாரே," என்றார். "கேளுங்கன்னு சொல்லியிருக்காரு. நான் திட்டிட்டு வந்துட்டேன்."

மூன்று கைகள் உயர்ந்தன. நீக்கல் ரத்து. டாக்டர் தானே போய் அறிவிப்புப் பலகையிலிருந்து அந்தக் காகிதத்தைக் கிழித்து எடுத்தார், குண்டூசி ஒன்று அங்கேயே நின்றது. 'சுவர்' மரச்சட்டத்தை அக்கா பழைய கொக்கியில் மாட்டினார். பந்தை வெளியே எடுக்கலாமா என்று டாக்டர் கேட்டார். இருக்கட்டும் என்று அக்கா கையைக் காட்டினார். அவரும் மறுபடி கேட்கவில்லை.

தீர்ப்பு லெட்டரை நான் அன்றைக்கு முன்னாடியே அடித்து வைத்திருக்கவில்லை. அவர்கள் முன்னாலேயே, கையால், ஒவ்வொரு வரியும் சொல்லச் சொல்ல எழுதினேன். நாற்பது நிமிஷம் ஆனது. லிஃப்ட் கம்பெனிக்கு ஒரு நகல். கடைசியில், 'காலை 6.10 முதல் கேட்டோம்' என்று எழுதினேன்.

தீர்ப்பை உறுப்பினர் கையில் கொடுத்து ஒப்புதல் கையெழுத்து வாங்க வேண்டும் என்பது விதி. ஷூவையும் லெட்டரையும் எடுத்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். அவர் மனைவி மெஷினை நிறுத்திவிட்டு, ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் படித்தார். கள்ளச்சாவி என்ற வார்த்தை எங்கேயும் இல்லை என்று உறுதியான பிறகு ஒரு பெருமூச்சு விட்டார். நான் பந்து கதையைச் சொன்னேன். என் பந்து என்பதையும் சொன்னேன்.

"அன்னைக்கு வந்து சாப்பிடாம உக்காந்திருந்தாரு," என்றார். "பூட்டைப் பத்தியோ சாவியைப் பத்தியோ ஒண்ணும் சொல்லல. 'முன்னாடியே அடிச்சு வச்சிருந்தாங்க'ன்னு மட்டும் ரெண்டு தடவை சொன்னாரு."

நான் பேனாவை நீட்டினேன். அவர் வாங்கவில்லை.

"இது அவருக்கு எழுதுனதும்மா. என் பேருக்கு இல்ல. நான் எப்படிக் கையெழுத்துப் போடுறது?"

லெட்டரை மடித்து ஷூவுக்குள் வைத்தார். ஒப்புதல் சீட்டை என்னிடமே திருப்பித் தந்துவிட்டார்.

அந்தச் சீட்டு இப்போதும் நோட்டில்தான் இருக்கிறது. கையெழுத்து வராத எதையும் முடிந்தது என்று எழுதக் கூடாது, அதுவும் விதிதான். அதனால் ஒவ்வொரு மாதக் கூட்டத்திலும் முதல் விஷயமாக அதைப் படிக்கிறேன். 'சுவர், மேல்முறையீடு, தீர்ப்பு ஒப்புதல்: நிலுவையில்.' முன்பெல்லாம் ஒரு விஷயத்தைப் படித்து முடிப்பதற்குள் டாக்டர் "அடுத்தது" என்பார். இதற்கு மட்டும் சொல்வதில்லை. நாலு பேரும் பேசாமல் உட்கார்ந்திருப்போம். கண்ணாடிக்காரர் தலையைச் சாய்த்து இடது பக்கச் சுவரைப் பார்ப்பார். சாயங்காலத்தில் கீழே மெஷின் ஓடாது, சத்தம் வர வழியே இல்லை, எங்கள் எல்லாருக்கும் அது தெரியும்.

நான் விரல்களை மடியில் வைத்துக்கொள்கிறேன்.